ஓக் மரத்தடியில் கிடைத்த இளம்பச்சைக் காளான்: சமைக்கலாமா?

கேள்வி: மழை விட்ட மறுநாள் குடும்பத்தோடு காட்டுப் பாதையில் நடக்கப் போயிருந்தோம். ஓக் மரங்களுக்கு அடியில் ஏழெட்டுக் காளான்கள் முளைத்திருந்தன. குடை இளம்பச்சை, நடுவில் மட்டும் நிறம் கொஞ்சம் அடர்த்தி. அடிப்பக்கம் வெள்ளை வெளேரென்று இருந்தது. சின்னவை பார்ப்பதற்கு முட்டை மாதிரி. என் மாமனார் பார்த்ததும், "இது வைக்கோல் காளான்தான், சின்ன வயதில் நிறையச் சாப்பிட்டிருக்கிறேன்" என்று கத்தியால் அறுத்து எடுத்துவிட்டார். வெள்ளிக் கரண்டியும் பூண்டும் போட்டுக் கொதிக்கவைத்தால் விஷம் இருக்கிறதா என்று தெரிந்துவிடும் என்கிறார். நத்தை கடித்த தடமும் இருக்கிறது, அதனால் பயப்பட வேண்டாம் என்கிறார். கைப்பேசிச் செயலி ஒன்றும் சாப்பிடத் தகுந்தது என்றே காட்டியது. எனக்கு மட்டும் மனம் ஒப்பவில்லை. டப்பாவில் போட்டு ஃப்ரிட்ஜில் வைத்திருக்கிறேன். படங்கள் இணைத்துள்ளேன். இதைச் சாப்பிடலாமா? 5 வயது மகள் அவற்றைக் கையால் தொட்டு விளையாடினாள். அவளுக்கு ஏதாவது ஆகுமா? எங்கள் நாயும் அந்தப் பாதையில்தான் வரும்.

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

உங்கள் கடிதம் வந்த அன்றே இரண்டு வரியில் பதில் அனுப்பினேன்: யாரும் சாப்பிடாதீர்கள், டப்பாவையும் தூக்கிப் போடாதீர்கள். ஏற்கெனவே யாராவது ஒரு துண்டு சாப்பிட்டிருந்தால், உடம்பு நன்றாக இருந்தாலும் உடனே மருத்துவமனைக்குப் போங்கள். யாரும் சாப்பிடவில்லை என்று நீங்கள் பதில் எழுதிய பிறகுதான் நிம்மதியாக மூச்சு விட்டேன். இதே சந்தேகம் வேறு பலருக்கும் இருக்கும் என்பதால் இப்போது விரிவாக எழுதுகிறேன்.

முதலில் அனுப்பிய படங்கள் நான்குமே தெளிவானவைதான். ஆனால் காளானை அடையாளம் காண மிகவும் தேவையான பகுதி அவற்றில் இல்லை. தண்டு மண்ணுக்கு மேலே அறுபட்டிருந்தது. கத்தியால் அறுத்து எடுப்பது சுத்தமான வழக்கம், பலர் அப்படித்தான் செய்கிறார்கள். இந்த ஒரு காளானைப் பொறுத்தவரை அந்தச் சுத்தமே ஆபத்து. அதன் அடையாளம் மண்ணுக்குள் இருக்கிறது. அதனால்தான், அறுக்காமல் ஒன்றை மட்டும் சுற்றிலும் மண்ணோடு தோண்டி எடுத்துப் படம் அனுப்பச் சொன்னேன். மறுநாள் நீங்கள் அனுப்பிய படத்தில், தண்டின் அடி பருத்து, வெள்ளைத் துணிப்பை ஒன்றுக்குள் செருகி வைத்ததுபோல இருக்கிறது. பையின் விளிம்பு கிழிந்து நிற்கிறது. தண்டின் மேல்பாதியில் பாவாடை மாதிரி ஒரு மெல்லிய வளையம் தொங்குகிறது. குடைக்கு அடியில் மெல்லிய தகடுகளாக அடுக்கி நிற்கும் செதிள்கள் தூய வெள்ளை, தண்டைத் தொடாமல் நிற்கின்றன. இளம்பச்சைக் குடை, வெள்ளைச் செதிள், பாவாடை வளையம், அடியில் பை, மேலே ஓக் மரம். இவ்வளவும் ஒன்றாக வந்தால் எனக்குத் தெரிந்து அதற்கு ஒரே பெயர்தான்.

இது டெத் கேப். அறிவியல் பெயர் அமானிட்டா ஃபலாய்டிஸ். காளான் தின்று மனிதர்கள் இறப்பதில் உலக அளவில் பெரும்பகுதிக்குக் காரணம் இந்த ஒரு இனம்தான்.

உங்கள் மாமனாரை நான் குறை சொல்ல மாட்டேன். வைக்கோல் காளானும் முட்டைக்குள்ளிருந்து வருவதுபோலத்தான் வரும். அதற்கும் அடியில் பை உண்டு. முட்டைப் பருவத்தில் இரண்டையும் பக்கத்தில் வைத்தால், எத்தனையோ ஆண்டுகளாகக் காளான்களை ஆராயும் வேலையில் இருக்கும் நானும் வெறும் கண்ணால் பார்த்துப் பெயர் சொல்லத் துணிய மாட்டேன். அவர் சின்ன வயதில் சாப்பிட்டது உண்மையிலேயே வைக்கோல் காளானாகத்தான் இருந்திருக்கும். அவருடைய நினைவில் தவறில்லை. அந்த நினைவு உருவான இடத்தில் இந்தக் காளான் இல்லை, அவ்வளவுதான்.

வித்தியாசங்களைச் சொல்கிறேன், அவருக்கும் படித்துக் காட்டுங்கள். வைக்கோல் காளான் மக்கும் வைக்கோலிலும் குப்பையிலும் தாவரக் கழிவிலும் வளரும். அதற்கு உயிருள்ள மரம் தேவையில்லை. டெத் கேப் உயிருள்ள மரத்தின் வேரோடு கூட்டு வைத்துக்கொண்டு வாழும். மண்ணிலிருந்து நீரையும் சத்துகளையும் மரத்துக்கு எடுத்துக் கொடுத்துவிட்டு மரத்திடமிருந்து சர்க்கரை வாங்கிக்கொள்ளும். ஓக், பீச், செஸ்ட்நட், ஹேசல் போன்ற மரங்களும் சில இடங்களில் பைனும் அதன் கூட்டாளிகள். வைக்கோல் காளானின் தண்டில் வளையம் இருக்காது. டெத் கேப்பில் இருக்கும். ஆனால் மழையிலோ கை பட்டோ அது உதிர்ந்துவிடவும் கூடும், ஆகவே வளையம் இல்லை என்பதை வைத்து நிம்மதி அடையக் கூடாது. வைக்கோல் காளானின் செதிள்கள் முற்ற முற்ற இளஞ்சிவப்பாக மாறும், டெத் கேப்பின் செதிள்கள் கடைசி வரை வெள்ளையாகவே இருக்கும்.

இவற்றையெல்லாம்விட உறுதியான வேறுபாடு வித்துத்தூளின் நிறம், அதாவது காளான் தன் இனம் பெருகச் செதிள்களிலிருந்து உதிர்க்கும் நுண்ணிய தூளின் நிறம். விரிந்த குடை ஒன்றைத் தண்டிலிருந்து பிரித்து, செதிள்கள் கீழே இருக்கும்படி, பாதி வெள்ளையும் பாதி கறுப்புமான தாளின் மேல் வைத்து, ஒரு கண்ணாடிக் கிண்ணத்தால் மூடி இரவு முழுக்க விட்டுவிட வேண்டும். காலையில் தாளில் செதிள்களின் வரிவடிவம் தூளாகப் பதிந்திருக்கும். டெத் கேப்பின் தூள் வெள்ளை, கறுப்புப் பாதியில்தான் கண்ணுக்குத் தெரியும். வைக்கோல் காளானின் தூள் மங்கிய இளஞ்சிவப்பு. கடைகளில் விற்கும் பட்டன் காளானின் தூள் அடர் பழுப்பு. முதல்முறை பார்க்கிற யாரையும் இந்தப் பதிவு அசர வைத்துவிடும். உங்கள் டப்பாவில் விரிந்த குடை ஏதாவது இருந்தால் மாமனாரோடு சேர்ந்து செய்து பாருங்கள், அதில் ஆபத்து ஒன்றும் இல்லை. தாளையும் குடையையும் சாப்பாட்டு மேசையில் மட்டும் வைக்க வேண்டாம். ஆனால் ஒன்று: இந்தச் சோதனை "இது டெத் கேப் ஆக இருக்கலாம்" என்று எச்சரிக்க மட்டுமே உதவும். "இது சாப்பிடத் தகுந்தது" என்று அனுமதி தர உதவாது. வித்துத்தூள் இளஞ்சிவப்பாக இருக்கும் காளான்களிலும் விஷமுள்ளவை உண்டு.

இந்தக் குழப்பம் உங்கள் வீட்டில் மட்டும் நடந்தது என்று நினைக்காதீர்கள். ஆஸ்திரேலியாவின் கான்பெராவில் தெருவோரம் நட்ட ஓக் மரங்களின் கீழ் டெத் கேப் முளைக்கிறது. அங்கே 2011 டிசம்பர் 31 இரவு சமைத்த ஒரு விருந்துக்குப் பிறகு 2 பேர் இறந்தார்கள். அப்போதும் வைக்கோல் காளானோடு ஏற்பட்ட குழப்பம்தான் பேசப்பட்டது. கலிபோர்னியாவில் 2016 டிசம்பரில் மட்டும் 14 பேர் இந்த இனத்தின் விஷத்தால் பாதிக்கப்பட்டார்கள், அவர்களில் 3 பேருக்குக் கல்லீரல் மாற்று அறுவை சிகிச்சை தேவைப்பட்டது.

இந்த இரண்டு இடங்களுமே டெத் கேப்பின் சொந்த மண் அல்ல. அதன் தாய்வீடு ஐரோப்பா. அங்கிருந்து மரக்கன்றுகளை வேர்மண்ணோடு கப்பலேற்றியபோது, கண்ணுக்குத் தெரியாத அதன் இழைகளும் வேரைப் பிடித்துக்கொண்டு சேர்ந்தே போய்விட்டன. கலிபோர்னியாவில் 1938-ல் மான்டரேயில் ஒரு ஹோட்டல் தோட்டத்தில் இது பதிவாகியிருக்கிறது. அப்புறம் தோட்டத்தைத் தாண்டி, அங்கே இயற்கையாக வளரும் ஓக் மரங்களின் வேரோடும் பழகிக்கொண்டது. இன்று வட அமெரிக்கா, தென் அமெரிக்கா, தென்னாப்பிரிக்கா, ஆஸ்திரேலியா, நியூசிலாந்து என்று பரவியிருக்கிறது. ஊர்விட்டு ஊர் போகும் மனிதர்களோடு அவர்களுடைய காளான் அறிவும் போகிறது. ஆனால் போய்ச்சேர்ந்த இடத்து மண்ணில் என்ன காத்திருக்கிறது என்பதை அந்த அறிவு சொல்லாது. பட்டினியால் பறித்தவர்களோ விவரமில்லாதவர்களோ மட்டும் இதில் சிக்குவதில்லை. "எனக்கு இது நன்றாகத் தெரியும்" என்று உண்மையாகவே நம்பியவர்களும் சிக்குகிறார்கள்.

சரி, வெள்ளிக் கரண்டிக்கு வருவோம். வெள்ளி கறுப்பது கந்தகம் பட்டால். முட்டைக்கும் கறுக்கும், பூண்டுக்கும் கறுக்கும். டெத் கேப்பின் விஷத்துக்கும் வெள்ளியின் பளபளப்புக்கும் தொடர்பே கிடையாது. பூண்டு நிறம் மாறும், அரிசி சிவக்கும் என்பவையும் அப்படித்தான். இந்தச் சோதனைகள் பல தலைமுறைகளாக உயிரோடு இருப்பதற்குக் காரணம், பறிக்கிற காளான்களில் பெரும்பாலானவை விஷமில்லாதவை என்பதுதான். நூறு முறை கரண்டி கறுக்காது, நூறு முறையும் ஒன்றும் ஆகாது, நம்பிக்கை வலுத்துவிடும். நூற்றோராவது முறையும் கரண்டி கறுக்காது.

நத்தையும் அணிலும் முயலும் டெத் கேப்பைத் தின்றுவிட்டு நன்றாகவே இருப்பதைப் பார்த்திருக்கிறார்கள். அவற்றின் உடல் வேறு, நம் உடல் வேறு. புழு வைத்த காளான் நல்ல காளான் என்பதும் இதே தவறுதான். அழகான நிறம் இருந்தால் விஷம், வெளிறியிருந்தால் நல்லது என்பார்கள். இந்த இனமோ சாதுவான இளம்பச்சையிலும் மஞ்சளிலும், சில சமயம் முழு வெள்ளையிலும்கூட வரும். தோல் உரிந்தால் சாப்பிடலாம் என்பார்கள். இதன் தோலும் உரியும். கசந்தால் விஷம் என்று துப்பிவிடலாம் என்பவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும்: சாப்பிட்டுப் பிழைத்தவர்கள் பலரும் ருசியாக இருந்தது என்றுதான் சொல்லியிருக்கிறார்கள். இளம் காளானில் கெட்ட வாடையும் இல்லை, லேசாகத் தேன் மணம் வரும். முற்றிய பிறகுதான் குமட்டும்.

வேகவைத்தால் போய்விடாதா என்று கேட்பீர்கள். போகாது. கொதிக்கவைத்தாலும், வறுத்தாலும், காயவைத்தாலும், உறைய வைத்தாலும், வேகவைத்த நீரைக் கொட்டினாலும் விஷம் போகாது. உப்பும் வினிகரும் எதுவும் செய்யாது.

செயலியைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். அது உங்கள் படத்தைத் தன்னிடம் உள்ள படங்களோடு ஒப்பிட்டு எது அதிகம் ஒத்துப்போகிறது என்று சொல்கிறது. அடிப்பை இல்லாத படத்தைக் கொடுத்தால் அதற்கும் அடிப்பை தெரியாது. முகர்ந்து பார்க்கவும் வெட்டிப் பார்க்கவும் அதனால் முடியாது. பெயர் கற்றுக்கொள்ள வைத்துக்கொள்ளுங்கள், வாயில் வைப்பதை அதனிடம் கேட்காதீர்கள்.

விஷம் எப்படி வேலை செய்கிறது என்று சற்று நீளமாகவே எழுதப் போகிறேன். இது தெரிந்தால்தான் "சாப்பிட்டுப் பார்ப்போம், ஏதாவது ஆனால் ஆஸ்பத்திரிக்குப் போகலாம்" என்ற எண்ணம் ஏன் இந்தக் காளானிடம் செல்லாது என்பது புரியும்.

நம் உடலில் ஒவ்வொரு செல்லும் தனக்கு வேண்டிய புரதங்களை ஓயாமல் செய்துகொண்டே இருக்கிறது. அதற்கான செய்முறை டி.என்.ஏ-வில் இருக்கிறது. அதிலிருந்து நகல் எடுத்துக் கொடுப்பது ஆர்.என்.ஏ பாலிமரேஸ் 2 என்ற நொதி. டெத் கேப்பில் உள்ள ஆல்ஃபா அமானிட்டின் என்ற விஷம் நேராகப் போய் அந்த நொதியில் உட்கார்ந்து அதை முடக்கிவிடும். நகல் நின்றுபோகும். ஆனால் செல் அந்த நொடியே சாகாது. கையில் உள்ள பழைய நகல்களையும் புரதங்களையும் வைத்துச் சில மணி நேரம் ஓட்டும். அப்புறம் இருப்புத் தீர்ந்து மடியும். வேகமாகப் புரதம் செய்யும் செல்கள் முதலில் அடிபடும்: முதலில் குடல், அடுத்து கல்லீரல், சிறுநீரகமும் கூட. கல்லீரல் இந்த விஷத்தை வேறு ஏதோ நல்ல பொருள் என்று எண்ணித் தன் வாசல் வழியாகவே உள்ளே இழுத்துக்கொள்கிறது. அதன் ஒரு பகுதியைப் பித்தநீரோடு குடலுக்கு அனுப்புகிறது. குடல் அதை மறுபடி உறிஞ்சிக் கல்லீரலுக்கே திருப்பி அனுப்புகிறது. ஒரே விஷம் ஒரே உறுப்பைத் திரும்பத் திரும்ப அடிக்கிறது.

மனிதரைக் கொல்ல ஒரு கிலோ உடல் எடைக்குச் சுமார் 0.1 மில்லிகிராம் போதும் என்று கணக்கிடுகிறார்கள். அதாவது ஒரு பெரியவருக்குப் பாதிக் குடையே எமனாகலாம். குழந்தைக்கு அதைவிடக் குறைவு போதும்.

இப்போது நேரக் கணக்கைப் பாருங்கள். சாப்பிட்ட பிறகு 6 முதல் 12 மணி நேரம், சிலருக்கு 24 மணி நேரம் வரைகூட, எதுவுமே தெரியாது. இரவு சாப்பிட்டவர் நன்றாகத் தூங்குவார். விடியும்போது கடுமையான வயிற்றுவலி, நிற்காத வாந்தி, தண்ணீராகப் பேதி. இரவுச் சாப்பாட்டை யாரும் சந்தேகிக்க மாட்டார்கள். காலையில் குடித்த பாலையோ வயிற்றுக் கிருமியையோ சொல்வார்கள். இது ஒரு நாள் வாட்டி எடுக்கும். அடுத்து வருவதுதான் மிகக் கொடுமையான கட்டம். வாந்தி நிற்கும், பேதி நிற்கும், நோயாளி எழுந்து உட்காருவார், பசிக்கிறது என்பார். வீட்டார் நிம்மதி அடைவார்கள். மருத்துவமனையில் இருந்தால் வீட்டுக்கு அழைத்துப் போகலாமா என்று கேட்பார்கள். அந்த அமைதியான நேரத்தில்தான் கல்லீரல் அழிந்துகொண்டிருக்கிறது. ரத்தப் பரிசோதனையில் மட்டுமே அது தெரியும். மூன்றாம் நாளோ நான்காம் நாளோ கண் மஞ்சளாகும், ரத்தம் உறையாமல் கசியும், நினைவு தடுமாறும். சிகிச்சை பலிக்காவிட்டால் ஒன்று முதல் இரண்டு வாரங்களுக்குள் உயிர் போய்விடும்.

ஒருமுறை ஒரு மருத்துவமனையிலிருந்து என்னை அழைத்து, சமையலறைக் குப்பையில் கிடைத்த தண்டுத் துண்டுகளைக் காட்டினார்கள். நுண்ணோக்கியில் வித்துகளைப் பார்த்து அயோடின் கரைசலிட்டதும், டெத் கேப்பின் வித்துகளைப்போலவே அவை நீலமானபோது எனக்குக் கை நடுங்கியது. அந்தக் குடும்பத்தில் மூன்று பேர். அன்று அவர்கள் மூவரும் கட்டிலில் உட்கார்ந்து பேசிக்கொண்டிருந்தார்கள். "இப்போது பரவாயில்லை" என்று அந்த அம்மா என்னிடம் சொன்னார். அந்த வார்த்தையை நான் மறக்கவில்லை. மூவரும் பிழைத்தார்கள். யாரோ ஒருவர் அந்தக் குப்பையைக் கொட்டாமல் எடுத்து வைத்திருந்ததும், மருத்துவர்கள் அவர்களை வீட்டுக்கு அனுப்பாமல் வைத்திருந்ததும்தான் காரணம். உங்கள் டப்பாவைத் தூக்கிப் போடாதீர்கள் என்று நான் முதலில் எழுதியது இதனால்தான்.

ஆகவே, காட்டுக் காளான் சாப்பிட்ட யாருக்காவது ஆறு மணி நேரம் கழித்து வாந்தி பேதி வந்தால், வேறு நிரூபணம் வரும்வரை அதை டெத் கேப் என்றே எடுத்துக்கொண்டு ஓட வேண்டும். இரண்டு மணி நேரத்திலேயே வந்தாலும் நிம்மதி அடையாதீர்கள். ஒரே சட்டியில் இரண்டு வகைக் காளான் கலந்திருக்கலாம், லேசான விஷம் முதலில் வந்து மோசமான விஷத்தை மறைத்துவிடும். மருத்துவரிடம் "காட்டுக் காளான் சாப்பிட்டோம், இத்தனை மணிக்குச் சாப்பிட்டோம்" என்ற இரண்டையும் முதல் வாக்கியத்திலேயே சொல்லுங்கள். மிச்சக் காளான், தோல், தண்டு, சமைத்த உணவு எது இருந்தாலும் தாள் பையில் போட்டு எடுத்துப் போங்கள். பிளாஸ்டிக் பையில் அது அழுகிவிடும். ஒன்றும் தெரியாமல் இருப்பவர்கள் உட்பட, அதே உணவைச் சாப்பிட்ட எல்லோரையும் கூட்டிப் போங்கள். உப்புத் தண்ணீர் கொடுத்து வாந்தி எடுக்கவைப்பது போன்ற வீட்டு வைத்தியம் வேண்டவே வேண்டாம்.

மருத்துவமனையில் நிறைய திரவம் ஏற்றுவார்கள். குடலுக்கும் கல்லீரலுக்கும் இடையே விஷம் சுற்றுவதை அறுக்கக் கரித்தூள் மருந்தைத் திரும்பத் திரும்பக் கொடுப்பார்கள். கல்லீரல் அந்த விஷத்தை இழுத்துக்கொள்ளும் வாசலை அடைக்க, மில்க் திசில் என்ற செடியிலிருந்து எடுத்த சிலிபினின் என்ற மருந்தை நரம்பு வழியாகத் தருவார்கள். அசிட்டில்சிஸ்டைன், பெனிசிலின் ஆகியவையும் பயன்படுத்தப்படுகின்றன. கைமீறினால் கல்லீரல் மாற்று. மில்க் திசில் மாத்திரைகள் கடையில் கிடைக்கிறதே என்று யாரும் வீட்டில் உட்கார்ந்து அதை விழுங்கக் கூடாது, அது நரம்பில் ஏற்றும் மருந்துக்கு ஈடாகாது. முறிவு மருந்து என்று உறுதியாகச் சொல்லக்கூடியது இன்னும் இல்லை. 2023-ல் இண்டோசயனின் கிரீன் என்ற ஒரு சாயம் எலிகளில் இந்த விஷத்தின் தாக்கத்தைக் குறைப்பதாக ஆய்வாளர்கள் கண்டார்கள். நம்பிக்கை தரும் செய்திதான், ஆனால் எலியிலிருந்து மனிதருக்கு வர நாளாகும். நல்ல சிகிச்சை கிடைத்தும் இன்றும் பாதிக்கப்பட்டவர்களில் 10 முதல் 20 சதவீதம் பேர் வரை இறக்கிறார்கள்.

இனி உங்கள் மகள். தொட்டதால் ஒன்றும் ஆகாது. இந்த விஷம் தோல் வழியாக உடம்பில் ஏறாது, வயிற்றுக்குள் போனால்தான். கையைச் சோப்புப் போட்டுக் கழுவினால் போதும். அவள் கடித்துப் பார்க்கவில்லை என்று உறுதியாக எழுதியிருந்தீர்கள், ஆகவே அவளைப் பற்றிக் கவலைப்படாதீர்கள். ஒரு துளி சந்தேகம் இருந்திருந்தாலும் நான் வேறு மாதிரிதான் எழுதியிருப்பேன். அவளைக் காளானைக் கண்டாலே அலறும்படி ஆக்கிவிடாதீர்கள். பார்க்கலாம், வரையலாம், வாயில் வைக்கக் கூடாது, கை கழுவ வேண்டும் என்று சொன்னால் 5 வயதுக் குழந்தைக்கு நன்றாகவே புரியும்.

நாய் விஷயத்தில் நான் கண்டிப்பாக இருப்பேன். நாய்கள் இதைத் தின்று இறந்திருக்கின்றன. முட்டைப் பருவக் காளானைக் கௌவிக்கொண்டு ஓடும் நாய்களும் உண்டு. காளான் முளைக்கும் மாதங்களில் அந்தப் பாதையில் கயிற்றோடு மட்டும் கூட்டிப் போங்கள். தின்றதைப் பார்த்தால் வாந்திக்காகக் காத்திருக்காமல் கால்நடை மருத்துவரிடம் போங்கள்.

ஃப்ரிட்ஜில் இருப்பதை நீங்கள் அடையாளம் பார்த்து முடித்ததும் பையில் கட்டிக் குப்பைத்தொட்டியில் போடுங்கள், யாரும் எடுக்காதபடி. டப்பாவைச் சோப்பில் நன்றாகக் கழுவிவிட்டு மறுபடி பயன்படுத்தலாம். பக்கத்தில் நறுக்கி வைத்த நல்ல காளானோ அதே பலகையில் நறுக்கிய காய்கறியோ இருந்தால் அவற்றையும் தூக்கிப் போடுங்கள், கத்தியையும் பலகையையும் தேய்த்துக் கழுவுங்கள்.

காட்டில் உள்ளவற்றைப் பிடுங்கி அழித்துவிடலாமா என்று இரண்டாவது கடிதத்தில் கேட்டிருந்தீர்கள். மேலே தெரியும் குடைகளைப் பிடுங்கினால், மரத்திலிருந்து பழம் பறித்த மாதிரிதான். மண்ணுக்குள் உள்ள இழைகள் அப்படியே இருக்கும், அடுத்த மழைக்கு மறுபடி வரும். வீட்டுத் தோட்டத்திலோ குழந்தைகள் விளையாடும் இடத்திலோ முளைத்தால் கையுறை போட்டு, அடிப்பையோடு தோண்டி எடுத்துவிடுங்கள், அந்தப் பருவம் முழுக்கத் தினமும் பாருங்கள். காட்டில் இருப்பதை விட்டுவிடுங்கள். அது இருக்கும் இடத்தில் அந்த மரங்களுக்கு வேலை செய்துகொண்டிருக்கிறது. காட்டைப் பார்த்துக்கொள்பவர்களிடம் மட்டும் இடத்தைச் சொல்லி வையுங்கள்.

இந்த விஷத்தின் மறுபக்கத்தையும் சொல்லிவிடுகிறேன், உங்கள் மாமனாருக்குப் பிடிக்கும். இதே காளானிலிருந்து 1937-ல் ஃபெடோர் லினென், உல்ரிச் வீலாண்ட் என்ற இருவரும் ஃபலாய்டின் என்ற வேதிப்பொருளைப் பிரித்தெடுத்தார்கள். அது செல்லின் உள்ளே சட்டகமாக நிற்கும் ஆக்டின் இழைகளில் ஒட்டிக்கொள்ளும். இன்று அதில் ஒளிரும் சாயம் சேர்த்து, உலகெங்கும் ஆய்வகங்களில் செல்லின் சட்டகத்தைப் பார்க்கப் பயன்படுத்துகிறோம். நான் மாணவனாக இருந்தபோது முதன்முதலில் நுண்ணோக்கியில் அந்த ஒளிரும் வலையைப் பார்த்துவிட்டு வெகுநேரம் எழுந்திருக்கவில்லை. அது எந்தக் காளானிலிருந்து வந்தது என்று அப்போது எனக்குத் தெரியாது.

மாமனாரிடம் எப்படிச் சொல்வது என்றும் தயங்கி எழுதியிருந்தீர்கள். "நீங்கள் தவறு செய்துவிட்டீர்கள்" என்று தொடங்க வேண்டாம். மறுநாள் அனுப்பிய படத்தில் காளானைப் பிடித்திருந்த கை அவருடையது என்று எழுதியிருந்தீர்களே. காலையில் அவரே காட்டுக்குப் போய், குச்சியால் மண்ணைக் கிளறி, பை கிழியாமல் தோண்டிக் கொண்டுவந்திருக்கிறார். அந்தப் படம் நான் பார்த்தவற்றில் மிக நேர்த்தியானவற்றுள் ஒன்று என்று அவரிடம் சொல்லுங்கள். அனுமதித்தால் அதை என் மாணவர்களுக்கு அடிப்பையைக் காட்டப் பயன்படுத்திக்கொள்கிறேன். காளான் பறிக்கும் ஆசை அவருக்கு உண்மையாகவே இருந்தால், உங்கள் பகுதியில் களத்துக்கு அழைத்துப் போய்ச் சொல்லித்தரும் பூசண ஆய்வாளர்களோடு ஓரிரு பருவங்கள் நடக்கட்டும், வெறும் கையோடு திரும்பட்டும். வித்துப் பதிவு எடுத்தீர்களானால் அதன் படத்தையும் அனுப்புங்கள். கறுப்புப் பாதியில் வெள்ளையாக விழுந்திருக்கும்.